எம்.எல்.ஏ.வாக இருந்தவர் நீதிபதி ஆகலாமா?

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். அரசியலில் இருந்த வழக்கறிஞர் ஒருவரின் பெயர் உயர் நீதிமன்ற நீதிபதி பதவிக்கு அடிபடும்போதெல்லாம் இரண்டு குரல்கள் கேட்கின்றன. "கட்சிக்காரர் எப்படி நடுநிலையாக இருப்பார்?" என்பது ஒன்று. "வி.ஆர்.கிருஷ்ணய்யர் இருக்கவில்லையா?" என்பது மற்றொன்று. இப்படிக் கேட்பவர்கள், அரசியலிலிருந்து வந்து உச்ச நீதிமன்ற நீதிபதியான கிருஷ்ணய்யரின் பெயரைச் சொல்வதோடு நிறுத்திவிடுகிறார்கள். அவர் எந்த ஆண்டில் எந்தப் பதவியில் இருந்தார், அரசியலுக்கும் நீதிபதி இருக்கைக்கும் நடுவே எத்தனை ஆண்டு கழிந்தது, சட்டமன்றத்தில் கற்றது தீர்ப்பில் எங்கே கைகொடுத்தது, எங்கே இடறியது என்று பார்ப்பவர்கள் குறைவு. அதையெல்லாம் பார்க்காமல் அவரை முன்னுதாரணமாகக் காட்டுவது அவருக்கும் நியாயம் செய்வதாகாது, இன்று பரிந்துரைக்கப்படுகிறவருக்கும் நியாயம் செய்வதாகாது.

அவர் நமக்கு அந்நியர் இல்லை. பாலக்காட்டுத் தமிழ்க் குடும்பத்தில் பிறந்தவர். அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திலும் சென்னை சட்டக் கல்லூரியிலும் படித்துவிட்டுத் தலச்சேரியில் தொழிலைத் தொடங்கினார். மலபார் அப்போது சென்னை மாகாணத்தின் ஒரு மாவட்டம். 1952 பொதுத் தேர்தலில் கூத்துப்பறம்பு தொகுதியில் சுயேச்சையாக நின்று வென்று சென்னை சட்டமன்றத்துக்கு வந்தார். ராஜாஜியும் பிறகு காமராஜரும் முதல்வர்களாக இருந்த சபை அது. கேரளம் தனி மாநிலமான பின் 1957-ல் தலச்சேரியிலிருந்து, கம்யூனிஸ்ட் ஆதரவு பெற்ற சுயேச்சையாகவே, தேர்ந்தெடுக்கப்பட்டார். இ.எம்.எஸ். நம்பூதிரிபாடின் முதல் அமைச்சரவையில் சட்டம், சிறை, மின்சாரம், பாசனம் உள்ளிட்ட துறைகள் அவரிடம் இருந்தன. 1959 ஜூலை 31 அன்று அந்த ஆட்சி 356-வது பிரிவின் கீழ் கலைக்கப்பட்டதும் மறுபடி கறுப்பு கோட்டு. 1965 தேர்தலில் நின்று தோற்றார். 1968 ஜூலை 2 அன்று கேரள உயர் நீதிமன்ற நீதிபதியானார். 1971-ல் சட்ட ஆணைய உறுப்பினர். 1973 ஜூலை 17 முதல் 1980 நவம்பர் 14 வரை உச்ச நீதிமன்ற நீதிபதி.

இந்தத் தேதிகளில் இரண்டு இடைவெளிகளைக் கவனிக்க வேண்டும். அமைச்சர் பதவி போனதற்கும் நீதிபதி ஆனதற்கும் நடுவே ஒன்பது ஆண்டு. கடைசியாகத் தேர்தலில் நின்றதற்கும் நீதிபதி ஆனதற்கும் நடுவே மூன்றே ஆண்டு. இன்னொரு விவரமும் உண்டு, அவரைப் போற்றுகிறவர்கள் பெரும்பாலும் இதைச் சொல்வதில்லை. 1968-ல் கேரள முதல்வராக இருந்தவரும் அதே இ.எம்.எஸ்.தான். தன் அமைச்சரவையில் இருந்தவரை நீதிபதியாக்கும் கோப்பு அதே முதல்வரின் மேஜை வழியாகப் போனது. அதே கோப்பு, இவர்களுடைய ஆட்சியைக் கலைத்த காங்கிரஸ் ஆண்ட மத்திய அரசையும், நீதித்துறைத் தலைமையையும் தாண்டித்தான் குடியரசுத் தலைவரிடம் போக முடிந்தது. ஒன்றுக்கொன்று ஆகாத கைகள் பலவற்றைத் தாண்டி வந்த நியமனம் அது. அந்த வழக்கறிஞரின் தரத்துக்கு அது ஒரு சான்று என்றே நினைக்கிறேன். கோப்பு போகும் வழி முழுவதும் ஒரே தரப்பின் கையில் இருந்தால் அந்தச் சான்று கிடைக்காது.

இனி சட்டம் என்ன சொல்கிறது என்று பார்ப்போம். அரசமைப்புச் சட்டத்தின் 217(2) பிரிவுப்படி இந்தியக் குடிமகனாக இருக்க வேண்டும். பத்து ஆண்டு நீதித்துறைப் பதவியில் இருந்திருக்க வேண்டும் அல்லது பத்து ஆண்டு உயர் நீதிமன்ற வழக்கறிஞராக இருந்திருக்க வேண்டும். அவ்வளவுதான். கட்சி உறுப்பினராக இருந்ததோ, சட்டமன்ற உறுப்பினராக இருந்ததோ தகுதியிழப்பு என்று எங்கும் சொல்லப்படவில்லை. எம்.எல்.ஏ.வாக இருந்துகொண்டே வழக்கறிஞர் தொழில் செய்யலாமா என்ற கேள்விக்கு உச்ச நீதிமன்றம் 2018 செப்டம்பர் 25 அன்று விடை சொன்னது: அவர் முழுநேரச் சம்பள ஊழியர் அல்ல, எனவே பார் கவுன்சில் விதிகளில் தடை இல்லை. பத்து ஆண்டைக் கணக்கிடும்போது எத்தனை வழக்கு நடத்தினார் என்று பார்ப்பதில்லை, வழக்கறிஞராகப் பதிவு பெற்றுத் தொழில் செய்யும் உரிமையோடு இருந்தாரா என்பதே அளவுகோல் என்று 2009-ல் மகேஷ் சந்திர குப்தா வழக்கில் அதே நீதிமன்றம் தீர்த்தது. ஆகவே சபையில் கழித்த ஆண்டுகளும் கணக்கில் சேரும். அமைச்சரானவர்கள் தொழிலை நிறுத்திவைப்பது வழக்கம் என்பதால், அந்த ஆண்டுகளைக் கழித்த பிறகும் பத்து ஆண்டு தேறுகிறதா என்று தனியாகப் பார்த்துவிடுவது நல்லது.

வாசகர்கள் அடிக்கடி குழம்பும் இடம் ஒன்று இருக்கிறது. 'தகுதி' வேறு, 'பொருத்தம்' வேறு. பத்து ஆண்டு வழக்கறிஞராக இருந்தாரா என்பது தகுதி. அதில் குறை இருந்தால் நீதிமன்றத்தில் வழக்குப் போடலாம். இவருடைய அரசியல் சார்பு இந்தப் பதவிக்கு ஒத்துவருமா என்பது பொருத்தம். அதைத் தேர்வு செய்கிறவர்களே முடிவு செய்ய வேண்டும், நீதிமன்றம் ரிட் மனுவில் அதற்குள் போகாது. 2023 பிப்ரவரியில் சென்னை உயர் நீதிமன்ற நியமனம் ஒன்றை எதிர்த்த மனு உச்ச நீதிமன்றத்தில் தள்ளுபடியானதும் இந்த அடிப்படையில்தான். பதவியேற்பு நாளன்று மனுவோடு ஓடுவதில் பயனில்லை. ஆட்சேபம் இருந்தால், நீதிபதிகளைத் தேர்வு செய்யும் மூத்த நீதிபதிகள் குழுவான கொலீஜியத்தின் முன் பெயர் இருக்கும்போதே, தேதியோடும் ஆவணத்தோடும் எழுத்தில் கொடுத்துவிட வேண்டும்.

அந்தப் பெயர் எங்கெங்கே நிற்கிறது? உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதியும் அடுத்த இரண்டு மூத்த நீதிபதிகளும் சேர்ந்து, காலியிடம் ஏற்படுவதற்கு ஆறு மாதம் முன்பே பரிந்துரை செய்ய வேண்டும் என்பது நீதிபதி நியமனத்துக்கான நடைமுறைக் குறிப்பாணையின் விதி. அது முதல்வருக்கும் ஆளுநருக்கும் போகும். ஆறு வாரத்துக்குள் மாநில அரசின் கருத்து வராவிட்டால் ஆட்சேபம் இல்லை என்று எடுத்துக்கொண்டு மத்திய சட்ட அமைச்சகம் மேலே போகலாம். உளவுத்துறை அறிக்கை சேரும். பிறகு உச்ச நீதிமன்றத் தலைமை நீதிபதியும் இரண்டு மூத்த நீதிபதிகளும் அடங்கிய கொலீஜியம், அந்த உயர் நீதிமன்றத்தை நன்கு அறிந்த சக நீதிபதிகளின் கருத்தையும் கேட்டு முடிவெடுக்கும். மத்திய அரசு ஒருமுறை திருப்பி அனுப்பலாம். கொலீஜியம் மறுபடி வலியுறுத்தினால் நியமித்தாக வேண்டும்.

இதில் பழுது எங்கே என்றால், அரசியல் பின்னணியை எப்படி எடைபோடுவது என்பதற்கு எழுதிவைத்த அளவுகோல் ஒன்றும் இல்லை. கடைசித் தேர்தலுக்குப் பின் எத்தனை ஆண்டு கழிய வேண்டும், கட்சிப் பொறுப்பிலிருந்து விலகியதற்கு என்ன சான்று வேண்டும் என்று எந்தக் குறிப்பிலும் இல்லை. அதனால் ஒருவருக்குக் குறையாகத் தெரியும் அதே பின்னணி இன்னொருவருக்குப் பொது அனுபவமாகிவிடுகிறது.

இப்போதும் பதவியில் உள்ள எம்.எல்.ஏ. என்றால் இன்னொரு படி உண்டு. 190(3) பிரிவுப்படி தன் கைப்படச் சபாநாயகருக்கு ராஜினாமா கொடுக்க வேண்டும். சபாநாயகர் அது சுயவிருப்பத்தில், உண்மையாகத் தரப்பட்டது என்று திருப்தி அடைந்து ஏற்க வேண்டும். அதற்குப் பிறகுதான் 219-வது பிரிவின்படி ஆளுநர் முன் உறுதிமொழி. ராஜினாமா ஏற்கப்பட்ட தேதிக்கும் உறுதிமொழித் தேதிக்கும் நடுவே சில நாட்களே இருந்தால், பரிந்துரை சுற்றில் இருந்த மாதங்கள் முழுவதும் அவர் ஒரு கட்சியின் கொறடாவுக்குக் கட்டுப்பட்டு வாக்களித்துக்கொண்டிருந்தார் என்றுதான் பொருள். எனக்கு இதுதான் பெரிய ஆட்சேபம். அவர் என்றைக்கோ எம்.எல்.ஏ.வாக இருந்தார் என்பதில் எனக்கு ஆட்சேபம் இல்லை.

சபை அனுபவம் தீர்ப்பில் எப்படி வெளிப்படும் என்பதற்கு 1974-ன் சம்ஷேர் சிங் வழக்கைப் பாருங்கள். ஏழு நீதிபதிகள் அமர்வு. ஆளுநர் அமைச்சரவையின் ஆலோசனைப்படியே நடக்க வேண்டுமா, தன் விருப்பப்படி நடக்கலாமா என்பது கேள்வி. தன் அமைச்சர் பதவியையே ஆளுநர் அறிக்கை ஒன்றின் அடிப்படையில் இழந்தவர் கிருஷ்ணய்யர். அந்தக் கசப்பு எழுத்தில் தெரியும் என்று யாரும் எதிர்பார்த்திருப்பார்கள். சக நீதிபதி பகவதிக்கும் சேர்த்து அவர் எழுதிய தனித் தீர்ப்பு, ஆளுநர் அமைச்சரவையின் ஆலோசனைக்குக் கட்டுப்பட்டவர் என்று உறுதியாகச் சொல்லிவிட்டு, விதிவிலக்குகளையும் வெளிப்படையாகக் குறிக்கிறது. முதல்வரைத் தேர்ந்தெடுப்பது, பெரும்பான்மை இழந்தும் பதவி விலக மறுக்கும் அரசை நீக்குவது, சபையைக் கலைப்பது. இந்த இடங்களில் ஆளுநருக்குச் சொந்த முடிவு இருக்கலாம், அதையும் எச்சரிக்கையோடு செய்ய வேண்டும் என்கிறார். சபைக்குள் பெரும்பான்மை எப்படிக் கரையும், எப்படித் திரட்டப்படும் என்று கண்ணால் கண்டவருக்குத்தான் அந்த விதிவிலக்குகள் இல்லாமல் அரசு நடக்காது என்பது தெரியும். தன் பழைய வழக்கைத் தீர்த்துக்கொள்ளும் வாய்ப்பு கையில் இருந்தும் அதை அவர் தொடவில்லை.

1975 ஜூன் 24 உத்தரவும் அப்படித்தான். இந்திரா காந்தியின் தேர்தல் செல்லாது என்று அலகாபாத் உயர் நீதிமன்றம் ஜூன் 12 அன்று தீர்ப்பளித்தது. விடுமுறைக் கால நீதிபதியாக இருந்த கிருஷ்ணய்யரிடம் மேல்முறையீடு வந்தது. சட்ட அமைச்சர் கோகலே தொலைபேசியில் அழைத்து நேரில் சந்திக்க விரும்பியபோது, மேல்முறையீடுதான் விஷயம் என்றால் பதிவாளரிடம் மனுத் தாக்கல் செய்தால் போதும் என்று சொல்லிவிட்டார். கேட்டது முழுத் தடை. கொடுத்தது நிபந்தனைத் தடை. மக்களவைக்கு வரலாம், பதிவேட்டில் கையெழுத்திடலாம். உறுப்பினர் என்ற முறையில் வாக்களிக்கக் கூடாது, சம்பளம் வாங்கக் கூடாது. பிரதமர் என்ற முறையில் அவைகளில் பேசுவதற்குத் தடையில்லை. தேர்தல் மேல்முறையீடுகளில் பிற உறுப்பினர்களுக்குத் தரப்பட்டுவந்த அதே வகை உத்தரவுதான். பதிவேட்டுக் கையெழுத்துக்கு ஏன் இத்தனை கவனம் என்று வெளியில் இருப்பவர்களுக்குத் தோன்றும். 60 நாள் அனுமதியின்றி வராவிட்டால் இடம் காலி என்று அவை அறிவிக்கலாம் என்று 101(4) பிரிவு சொல்கிறது. மேல்முறையீடு முடிவதற்குள் உறுப்பினர் இடம் வேறு வழியில் பறிபோய்விடாமல் காப்பது அந்தக் கையெழுத்துதான். மறுநாள் இரவு நெருக்கடி நிலை வந்தது. அந்த உத்தரவைக் குறை சொல்பவர்கள் இரு தரப்பிலும் இன்றும் உண்டு.

சிறைத் துறையை வைத்திருந்த அமைச்சரும் தலச்சேரி வக்கீலும் ஒன்றாகத் தெரிவது ஜாமீன் வழக்குகளில். 1978 ஆகஸ்ட் 24, மோத்தி ராம் வழக்கு. மத்தியப் பிரதேசத்தில் ஒரு கொத்தனார். ஜாமீன் கிடைத்துவிட்டது. ஆனால் மாஜிஸ்திரேட் பத்தாயிரம் ரூபாய்க்கு ஜாமீன்தாரர் கேட்டார். கொத்தனாரின் அண்ணன் தம்பியில் ஒருவர் ஜாமீன் நிற்க வந்தால், சொத்து வேறு மாவட்டத்தில் இருக்கிறது என்று தள்ளிவிட்டார். ஒரு தமிழரோ மலையாளியோ பஸ்தரிலோ போர்ட் பிளேரிலோ சாந்தினி சவுக்கிலோ கைதானால், அந்த ஊரில் சொத்துள்ள ஜாமீன்தாரருக்கு எங்கே போவார் என்று தீர்ப்பு கேட்கிறது. முடிவில் ஆயிரம் ரூபாய் சொந்த ஜாமீனில் விடச் சொன்னார்கள். இன்றைக்கும் கீழமை நீதிமன்றங்களில் சொத்துவரி ரசீதும் உள்ளூர் முகவரியும் கேட்டு ஜாமீன்தாரர்களைத் திருப்பி அனுப்பும்போது, எடுத்துக்காட்ட வேண்டிய தீர்ப்பு இது. பலர் எடுத்துக்காட்டுவதில்லை.

நிர்வாகம் தெரிந்த நீதிபதிக்கும் தெரியாத நீதிபதிக்கும் உள்ள வேறுபாட்டை 1980 ஜூலையின் ரத்லம் நகராட்சி வழக்கைவிடத் தெளிவாகக் காட்டும் தீர்ப்பு எனக்குத் தெரியவில்லை. திறந்த சாக்கடை, கழிப்பிடம் இல்லாததால் தெருவோரம் நிறையும் மலம், சாராய ஆலைக் கழிவின் நாற்றம், கொசு. குற்றவியல் நடைமுறைச் சட்டம் 133-ன் கீழ் மக்கள் மாஜிஸ்திரேட்டிடம் போய் உத்தரவு வாங்கினார்கள். நகராட்சி உச்ச நீதிமன்றம்வரை வந்து 'பணம் இல்லை' என்றது. பாசனமும் மின்சாரமும் பார்த்த பழைய அமைச்சருக்கு அந்தப் பதில் புதிதல்ல. மக்கள் கௌரவமாக வாழ வேண்டிய வசதிக்குப் பணம் ஒதுக்குவதுதான் உள்ளாட்சியின் முதல் செலவு என்றார். உபதேசத்தோடு விட்டுவிடவில்லை. சுமார் ஆறு லட்சம் ரூபாய்த் திட்டம் ஒன்றை ஏற்று, இரண்டு மாதத்தில் வேலை தொடங்க வேண்டும், ஓராண்டில் முடிக்க வேண்டும். ஆண்களுக்கும் பெண்களுக்கும் தனித்தனியே போதுமான பொதுக் கழிப்பிடம். காலையும் மாலையும் தண்ணீரும் துப்புரவும். ஆலைக் கழிவை நிறுத்த நடவடிக்கை. கொசுவை ஒழிக்கச் சுகாதார அலுவலருக்குப் பொறுப்பு என்று உத்தரவிட்டார். நிறைவேற்றாவிட்டால் அதிகாரிகள் மீது தண்டனை நடவடிக்கை வரும் என்ற எச்சரிக்கையும் சேர்ந்தது. தொகையும் கெடுவும் பொறுப்பாளரும் இல்லாத உத்தரவு எந்தக் கோப்பிலும் நகராது என்பதை அலுவலக மேஜையில் உட்கார்ந்து பார்த்தவர் எழுதியது அது.

இடறிய இடத்தையும் சொல்ல வேண்டும். 1979-ல் ராஜேந்திர பிரசாத் வழக்கில், சமூகத்தின் பாதுகாப்புக்கே தீராத ஆபத்தாக இருப்பவனுக்குத்தான் தூக்கு என்ற அளவுக்கு மரண தண்டனையைக் குறுக்கி எழுதினார். நோக்கம் உயர்ந்தது, நானும் மரண தண்டனைக்கு எதிரானவன்தான். ஆனால் சட்டத்தில் இல்லாத வரம்பை நீதிபதி சேர்ப்பது சட்டம் இயற்றுவதாகும் என்று அதே அமர்வில் இருந்த ஏ.பி.சென் மாறுபட்டார். பச்சன் சிங் வழக்கு வந்தபோது, தமிழ்நாட்டுக்காரரான நீதிபதி கைலாசம், இந்தத் தீர்ப்பு முந்தைய அரசியல் சாசன அமர்வின் தீர்ப்போடு ஒத்துப்போகவில்லை என்று சுட்டிக்காட்டினார். அது ஐந்து நீதிபதிகள் முன் போய், 1980-ல் 'அரிதினும் அரிதான வழக்கு' என்ற இன்றைய அளவுகோலில் முடிந்தது. மசோதாவில் திருத்தம் கொண்டுவந்து பழகிய கைக்குத் தீர்ப்பிலும் திருத்தம் போடத் தோன்றும். சட்டமன்றத்திலிருந்து வருகிறவர்களிடம் கவனிக்க வேண்டிய குறை இதுதான். அதைக் கண்டிக்கச் சக நீதிபதிகளும் பெரிய அமர்வுகளும் இருக்கின்றன. கட்சி விசுவாசம் அப்படி இல்லை. அது தீர்ப்பின் வரிகளில் எங்கும் சிக்காது.

அதைத் தெரிந்துகொள்ள, பதவிக்குப் பின் ஒருவர் எங்கே போகிறார் என்று பார்க்கலாம். கே.எஸ்.ஹெக்டே மாநிலங்களவையிலிருந்து 1957-ல் மைசூர் உயர் நீதிமன்றத்துக்கு வந்தவர். பின்னர் உச்ச நீதிமன்ற நீதிபதியானார். 1973 ஏப்ரலில் அவரையும் மூத்த நீதிபதிகளான ஷெலத், குரோவர் இருவரையும் தாண்டி ஏ.என்.ராய் இந்தியத் தலைமை நீதிபதியாக்கப்பட்டபோது மூவரும் விலகினார்கள். பிறகுதான் ஹெக்டே அரசியலுக்குத் திரும்பி மக்களவைத் தலைவரானார். பஹருல் இஸ்லாம் காங்கிரஸ் மாநிலங்களவை உறுப்பினர். 1972-ல் ராஜினாமா செய்த அதே ஆண்டு கௌஹாத்தி உயர் நீதிமன்ற நீதிபதி. அங்கே ஓய்வு பெற்றபின் 1980 டிசம்பரில் உச்ச நீதிமன்ற நீதிபதி. 1982 டிசம்பரில் பிகாரின் அப்போதைய காங்கிரஸ் முதல்வர் மீதான வழக்கைத் திரும்பப் பெறலாம் என்ற பெரும்பான்மைத் தீர்ப்பில் அவரும் ஒருவர். 1983 ஜனவரியில், ஓய்வுக்குச் சில வாரங்களே இருக்கையில் விலகிக் காங்கிரஸ் வேட்பாளரானார்; அதே ஆண்டு மறுபடி மாநிலங்களவை. அந்தத் தீர்ப்பு சட்டப்படி சரியாகவே இருந்திருக்கலாம். ஆனால் இந்தத் தேதிகளை வரிசையாக வைத்துப் பார்க்கும் குடிமகனிடம் 'நம்பு' என்று எப்படிச் சொல்வது?

கிருஷ்ணய்யரும் ஓய்வுக்கு ஏழு ஆண்டு கழித்து 1987-ல் எதிர்க்கட்சிகளின் வேட்பாளராகக் குடியரசுத் தலைவர் தேர்தலில் நின்று, நம் ஆர்.வெங்கட்ராமனிடம் தோற்றார். அதைக் குறை சொல்பவர்களும் உண்டு. ஜெயிக்க வாய்ப்பில்லாத தேர்தலில், ஆளும் கட்சியை எதிர்த்து, ஏழு ஆண்டு கழித்து நிற்பதும், பதவியிலிருந்து நேராக ஆளும் கட்சியின் பட்டியலில் ஏறுவதும் ஒன்றாகாது.

எனவே ஆசிரியர் அவர்களிடம் ஒரு வேண்டுகோள். சட்டமன்ற உறுப்பினராகவோ கட்சிப் பொறுப்பிலோ இருந்த ஒருவரின் பெயர் பரிந்துரைக்கப்பட்ட செய்தியை வெளியிடும்போது 'முன்னாள் எம்.எல்.ஏ.' என்ற அடைமொழியோடு நிறுத்திவிடாதீர்கள். அவர் வழக்கறிஞராகப் பதிவு செய்த ஆண்டு, கடைசியாகத் தேர்தலில் நின்ற ஆண்டு, கட்சிப் பொறுப்பிலிருந்து விலகிய தேதி, உயர் நீதிமன்றம் பரிந்துரைத்த தேதி ஆகியவற்றையும், அந்தத் தேதியில் மாநிலத்திலும் மத்தியிலும் எந்தக் கட்சி ஆட்சி என்பதையும் ஒரு சிறு பெட்டிச் செய்தியாகச் சேருங்கள். கொலீஜியத்தின் தீர்மானங்கள் 2017 அக்டோபரிலிருந்து உச்ச நீதிமன்ற இணையதளத்தில் வெளியாகின்றன. தேர்தல் முடிவுகள் தேர்தல் ஆணையத்திடம் இருக்கின்றன. பதிவு ஆண்டைப் பார் கவுன்சிலில் கேட்டுப் பெறலாம். அவர் பதவியேற்ற பின், தன் பழைய கட்சியோ பழைய தொகுதியோ சம்பந்தப்பட்ட வழக்கு வரும்போது அமர்விலிருந்து விலகினாரா என்பதை உங்கள் நீதிமன்றச் செய்தியாளர் அன்றைய வழக்குப் பட்டியலையும் உத்தரவையும் பார்த்து எழுதலாம். 'எனக்குச் சம்பந்தம் உண்டு, வேறு அமர்வுக்கு அனுப்புங்கள்' என்ற ஒரு வரி உத்தரவும் செய்திதான்.

இப்படிக்கு,
தங்கள் வாசகரான வழக்கறிஞர் ஒருவர்,
மதுரை